முனைக்கு மேற்கே

அந்த அழைப்பு வந்தபோது காலை மணி எட்டு பத்து. ஃபஸீலா அப்போதுதான் அலுவலகத்தைத் திறந்து, ஜன்னல்களைத் தள்ளிவிட்டு, காற்றாடியைப் போட்டிருந்தாள். மலேசியாவின் பினாங்கில், பீச் ஸ்ட்ரீட்டில் ஒரு பழைய கடைவீட்டின் மாடியில் இருந்தது அந்தக் கப்பல் கம்பெனி. பெயர்தான் கப்பல் கம்பெனி. இருந்தது இரண்டு இழுவைப் படகுகளும், அவை கட்டி இழுத்துப் போகிற, இஞ்சின் இல்லாத மூன்று சரக்குப் பார்ஜுகளும்தான். கடலுக்குப் போக ஒன்பது பேர், கரையில் முதலாளி யூசுப்பும் ஃபஸீலாவும். கணவன் இறந்த வருடம் யூசுப் அவளை வேலைக்குச் சேர்த்துக்கொண்டார். பதினான்கு வருடம் ஆகிவிட்டது.

போன் திரையில் நீளமான எண். செயற்கைக்கோள் போன். நான்கு நாளைக்கு முன் பினாங்கிலிருந்து ஒரு பார்ஜைக் கட்டி இழுத்துக்கொண்டு போன படகிலிருந்து வருகிறது. கேப்டன் வேதநாயகம் சும்மா அந்தப் போனைத் தொடுகிற ஆள் இல்லை.

“ஃபஸீலா, எழுதிக்க” என்றார். குரல் நிதானமாகத்தான் இருந்தது. “இஞ்சின் ரூம்ல தண்ணி ஏறிருச்சு. கரண்ட் போச்சு, ரேடியோ போச்சு. ஆபத்து சிக்னல் குடுக்கிற பீக்கனும் வேலை செய்யல. பார்ஜ் கயித்த அறுத்து விட்டுட்டோம். நாலு பேரும் நல்லாருக்கோம். லேட்டிட்டியூட் ஆறு டிகிரி…”

அதற்குப் பிறகு வந்தது இரைச்சல். ஃபஸீலா இரண்டு தடவை “அண்ணே, திருப்பிச் சொல்லுங்க” என்றாள். அவருக்குக் கேட்டதோ என்னவோ.

“…விளக்கு தெரியுது. லைட்ஹவுஸ். சேப்பு வெள்ளை. தண்ணிக்குள்ள நிக்குது. சூரியன் இப்பத்தான் அதுக்குப் பின்னாலேருந்து ஏறுது. காத்து எங்களக் கரைப்பக்கம் தள்ளுது லா. பேட்டரி போகப் போவுது. சீக்கிரமா யாருக்காச்சும்…”

அவ்வளவுதான். அவள் திரும்பத் திரும்ப அடித்தாள். ஒவ்வொரு தடவையும் ஒரு பெண் குரல் ஆங்கிலத்தில் வருந்தியது.

உடனே யூசுப்பைக் கூப்பிட்டாள். யாருக்கும் எதுவும் சொல்லாதே, இதோ வந்துவிட்டேன் என்றார் அவர். எட்டரைக்கெல்லாம் மேல்மூச்சு வாங்க மாடியேறி வந்தார். கேட்டதைக் கேட்டபடி அவள் ஒப்பித்தாள். அவர் நாற்காலியில் உட்காராமல் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டே நின்றார்.

சிக்கல் என்னவென்று இருவருக்கும் தெரியும். தாள்களின்படி அந்தப் படகு சபாங்குக்குப் போகிறது. சுமாத்ராவின் வடக்கு நுனிக்குச் சற்று அப்பால் உள்ள இந்தோனேசியத் துறைமுகம் அது. காப்புறுதியும் அனுமதியும் அதுவரைக்கும்தான்; அதற்கு மேல் என்றால் செலவு அதிகம். ஆனால் பார்ஜை வாங்கியவர் கொழும்புக்காரர். சபாங்கைத் தொடாமலேயே, அதற்கு வடக்கே உள்ள அகன்ற நீர்வழியில் மேற்காகப் போய் இந்துமாக் கடலில் இறங்கும்படி வேதநாயகத்துக்கு உத்தரவு. அந்தத் தாள்களைத் தட்டெழுதியவள் ஃபஸீலா. கீழே ஒரு மூலையில் அவளுடைய கையெழுத்தும் இருந்தது.

சபாங்குக்கு வடக்கே ரோண்டோ என்று ஒரு சின்னத் தீவு இருக்கிறது, அங்கேயும் விளக்கு உண்டு, வேதநாயகம் பார்த்தது அதுவாகத்தான் இருக்கும் என்றார் யூசுப். சபாங்கில் தனக்குத் தெரிந்த ஏஜெண்ட் இருக்கிறான், அவனே ஒரு படகை அனுப்பி இழுத்து வந்துவிடுவான். வெளியே சத்தமே வராது.

“அது இந்தியா பக்கமா இருந்தா?” என்று ஃபஸீலா கேட்டாள்.

“இருக்காது.”

இருந்தால் என்ன ஆகும் என்றும் அவரே சொன்னார். இந்தியாவின் கடைசித் தீவுகள் நிக்கோபார். அந்த மாவட்டம் முழுவதும் பழங்குடியினருக்காக ஒதுக்கிவைத்த இடம். அந்த நாட்டுக்காரனே அனுமதிச் சீட்டு இல்லாமல் இறங்க முடியாது. போதாக்குறைக்குக் கடற்படை வேறு. பொய்த் தாளோடு ஒரு வெளிநாட்டுப் படகு அங்கே ஒதுங்கினால் படகு திரும்பாது, நாலு பேரும் மாதக்கணக்கில் உள்ளே கிடப்பார்கள். அவர் பயந்தது முழுக்கத் தன் பொருளுக்காக மட்டும் என்று ஃபஸீலாவால் நினைக்க முடியவில்லை. அவர் சொன்னதில் பாதி நிஜம். அந்தப் பாதிதான் அவளை உட்கார வைத்தது.

யாராவது கேட்டால் சபாங் பக்கம் என்று மட்டும் சொல், வேதநாயகம் வீட்டுக்கு இப்போது எதுவும் சொல்ல வேண்டாம் என்று சொல்லிவிட்டு யூசுப் தன் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். உள்ளே அவர் மலாயில் பேசுவது கேட்டது. சிரிப்பது போலக்கூட ஒரு சத்தம் வந்தது, ஏஜெண்டிடம் உதவி கேட்கிறவர் சிரிக்கிற சிரிப்பு.

ஒன்பதாயிற்று. ஒன்பதரை. கீழே தெருவில் லாரியிலிருந்து அரிசி மூட்டைகள் இறங்கிக்கொண்டிருந்தன. ஃபஸீலா ஒரு வேலையும் செய்யவில்லை. காற்று எங்களைக் கரைப்பக்கம் தள்ளுகிறது என்று அவர் சொன்னது காதிலேயே நின்றது. கரைக்குப் போனால் பிழைத்துக்கொள்ளலாம் என்றுதான் கடல் தெரியாதவர்கள் நினைப்பார்கள். இஞ்சின் செத்த படகுக்குக் கரையைவிடப் பெரிய ஆபத்து இல்லை என்பது இத்தனை வருடத்தில் அவளுக்குத் தெரிந்திருந்தது.

பத்து மணிக்குச் சற்று முன்னால் யூசுப் வெளியே வந்தார். சபாங்கில் பெரிய அலை, மத்தியானத்துக்கு மேல்தான் படகு கிளம்பும் என்று ஏஜெண்ட் சொல்லிவிட்டானாம். “காத்திருப்போம்” என்று சொல்லிவிட்டு மறுபடி உள்ளே போனார்.

அவர் கதவைச் சாத்தியதும் ஃபஸீலா எழுந்து பரணிலிருந்து பழைய கடல் வரைபடத்தை எடுத்தாள். எல்லாம் கணினிக்கு மாறிய பிறகு யாரும் தொடாத தாள். மேசைமேல் விரித்து, நான்கு மூலையிலும் கையில் கிடைத்ததை வைத்தாள்.

தீவுகள் வடக்கிலிருந்து தெற்காக ஒரே வரிசையில் இறங்கின. மேலே அந்தமான். அப்புறம் பத்து டிகிரி கால்வாய் என்று எழுதிய வெறும் கடல். அதற்குக் கீழே கார் நிக்கோபார், நடுவில் ஒரு சின்னக் கூட்டம், கடைசியில் சின்ன நிக்கோபாரும் பெரிய நிக்கோபாரும். பெரிய நிக்கோபாரின் தெற்கு முனைக்குப் பிறகு மறுபடி கடல். ஆறு டிகிரி கால்வாய். அதைத் தாண்டினால் ரோண்டோ, சபாங், சுமாத்ரா. பெரிய நிக்கோபாருக்கும் ரோண்டோவுக்கும் நடுவே விட்டு விட்டு ஒரு கோடு போட்டிருந்தது. கோட்டுக்கு மேலே இந்தியா, கீழே இந்தோனேசியா. தண்ணீரில் அப்படி ஒரு கோடு கிடையாது. ஆனால் நாலு பேருக்காக யாரைக் கூப்பிடுவது என்பதை அந்தக் கோடுதான் தீர்மானிக்கும்.

இரண்டு முனைக்கும் நடுவில் நூற்று ஐம்பது கிலோமீட்டர் இருக்கும். ஒரு பக்கம் தேடினால் மறுபக்கம் இருப்பவன் செத்தான்.

ரோண்டோவிலும் விளக்குக் குறி இருந்தது, பெரிய நிக்கோபாரின் முனையிலும் இருந்தது. ஆறு டிகிரி என்பதும் இரண்டுக்குமே பொருந்தியது. இரண்டு விளக்கும் நிலத்தின்மேல்தான் அச்சாகியிருந்தன. தண்ணீருக்குள் நிற்கிற விளக்கு என்று எதுவுமே இல்லை. ஃபஸீலா கீழ் ஓரத்தில் அச்சிட்ட வருடத்தைப் பார்த்தாள். ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றாறு.

அவள் ஊருக்குள்ளேயே ஜெலுத்தோங்கில் இருந்த வேதநாயகத்தின் வீட்டுக்கு அழைத்தாள். வேதநாயகத்தின் மனைவி அமலம்மாள் சந்தையிலிருந்து அப்போதுதான் அடுக்குமாடி வீட்டுக்குத் திரும்பியிருந்தார். அண்ணன் எப்போதாவது தண்ணிக்குள் நிற்கிற லைட்ஹவுஸ் பற்றிச் சொன்னதுண்டா என்று ஃபஸீலா சாதாரணமாகக் கேட்பதுபோலக் கேட்டாள்.

அந்தப் பக்கம் பை ஒன்று தரையில் வைக்கப்படும் சத்தம் கேட்டது.

“அவருக்கு என்ன ஆச்சு?”

மறைக்க வழியில்லை. ஃபஸீலா சொன்னாள். நாலு பேரும் நல்லாயிருக்கிறார்கள் என்று அவர் சொன்னதையும் சொன்னாள், அது இரண்டு மணி நேரத்துக்கு முந்திய பேச்சு என்பதையும் சொன்னாள். அமலம்மாள் அழவில்லை.

“சொல்லியிருக்காரு. முன்னாடி மெட்ராஸ் ஓட்டத்துல இருந்தப்ப அந்த முனையத் தாண்டித்தான் போவாங்க. சுனாமிக்கு அப்புறம் போனப்ப போட்டோ புடிச்சுட்டு வந்தாரு. கரையில நின்ன விளக்கு கடலுக்குள்ள நிக்குது, அந்த நிலமே கீழ எறங்கிருச்சுன்னு சொன்னாரு. சேப்பும் வெள்ளையுமா பட்டை போட்டது.”

“எந்த நாடு அக்கா அது?”

“இந்தியா லா. நிக்கோபாரோட கடைசி. இந்திரா முனைன்னு சொல்வாரு.” பிறகு குரல் தாழ்ந்தது. “ஃபஸீலா, யாருக்குச் சொல்லியிருக்கீங்க?”

“இன்னும் யாருக்கும் சொல்லலக்கா.”

“எட்டு மணிக்குப் பேசினாரு. இப்ப மணி என்ன?”

ஃபஸீலா போனை வைத்தாள். மணி பத்து முப்பத்தைந்து. அவள் கடல்சார் மீட்பு மையத்தின் எண்ணை அழுத்தினாள்.

எடுத்தவர் ஒவ்வொன்றாகக் கேட்டார். படகின் பெயர், ஆள் எண்ணிக்கை, கடைசியாகப் பேசிய நேரம். எங்கே போய்க்கொண்டிருந்தது என்று கேட்டபோது அவருடைய கணினியில் ஏற்கெனவே சபாங் என்று இருந்தது. அது தவறு, படகு கொழும்புக்குப் போனது, அந்தத் தாளைத் தட்டெழுதியவளே நான்தான் என்று ஃபஸீலா மலாயில் சொன்னாள். மறுமுனையில் விசைகள் வேகமாகத் தட்டப்பட்டன. பிறகு, லைனிலேயே இருங்கள், அந்தமானில் போர்ட் பிளேர் மீட்பு மையத்தோடு சேர்க்கிறேன் என்றார்.

அறைக் கதவு திறந்தது. யூசுப் வாசலில் நின்றார். விரித்துக் கிடந்த வரைபடத்தையும், அவள் காதிலிருந்த போனையும் பார்த்தார். மெதுவாக வந்து போன் பெட்டியின்மேல் கைவைத்தார். அழுத்தவில்லை. வைத்திருந்தார்.

“அந்தத் தாள்ல உன் கையெழுத்தும் இருக்கு” என்றார்.

“தெரியும்ணே. கையை எடுங்க.”

பதினான்கு வருடத்தில் அவள் அவரிடம் அப்படிப் பேசியதில்லை. அவருக்கு என்ன தோன்றியதோ, கை அங்கேயே இருந்தது. அதற்குள் போனில் ஒரு புதிய குரல் ஆங்கிலத்தில் தன்னை அறிமுகப்படுத்திக்கொண்டது. அவள் பேச ஆரம்பித்த இரண்டாவது வாக்கியத்தில், நீங்கள் தமிழா என்று கேட்டுவிட்டுத் தமிழுக்கு மாறியது. போர்ட் பிளேரில் தமிழர்கள் நிறைய உண்டு என்பது ஃபஸீலாவுக்கு அதற்கு முன் தெரியாது.

“மேடம், ஒண்ணு மட்டும் யோசிச்சுச் சொல்லுங்க” என்றார் அந்த அதிகாரி. “படகு முனைக்குக் கிழக்க இருக்கா, மேற்க இருக்கா?”

ஏன் கேட்கிறார் என்றும் விளக்கினார். அந்தத் தீவில் துறைமுகம், சாலை, வீடு, ஆள் எல்லாம் கிழக்குக் கரையில்தான். மேற்கே வெறும் காடு. காட்டில் வாழ்கிறவர்களைத் தவிர யாரும் இல்லை. இருந்த கொஞ்சம் பாதையும் சுனாமியில் போய்விட்டது. கப்பல் கிழக்கிலிருந்துதான் கிளம்ப வேண்டும். மேற்குப் பக்கம் என்றால் முனையைச் சுற்றிப் போக இரண்டு மணி நேரம் கூடுதல், அப்படியானால் ஹெலிகாப்டரைக் கேட்க வேண்டும். ஹெலிகாப்டர் ஒன்றுதான் தயாராக இருக்கிறது. இந்த மேகத்தில் ஒரு பக்கத்துக்குத்தான் அனுப்ப முடியும்.

ஃபஸீலா கண்ணை மூடிக்கொண்டாள். வேதநாயகம் சொன்னதை முதலிலிருந்து மனசுக்குள் ஓட்டினாள். விளக்கு தெரியுது. தண்ணிக்குள்ள நிக்குது. சூரியன் அதுக்குப் பின்னாலேருந்து ஏறுது.

“மேற்கு” என்றாள். “சூரியன் லைட்ஹவுசுக்குப் பின்னால ஏறுதுன்னு சொன்னார். அப்ப லைட்ஹவுஸ் அவங்களுக்குக் கிழக்க இருக்கு. அவங்க முனைக்கு மேற்க இருக்காங்க.”

“அவர் பேசினப்ப உங்க ஊர்ல மணி எட்டு பத்து. இங்க அஞ்சு நாப்பது. ஆமா, சூரியன் ஏறுற நேரம்தான்.” தட்டச்சு சத்தம் கேட்டது. “காத்து தென்மேற்கு. கரையில மோதுறதுக்குள்ள போகணும். வைக்கிறேன் மேடம்.”

போன் பெட்டியின்மேல் யூசுப்பின் கை இன்னும் இருந்தது. இப்போது அவர் அதை எடுத்து, தன் முகத்தைத் துடைத்துக்கொண்டார். எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார்.

பதினொன்றேகாலுக்கு அமலம்மாள் வந்தார். வீட்டில் உடுத்தியிருந்த சேலையோடு, கையில் ஜெபமாலையோடு. யூசுப் எழுந்து நாற்காலியைக் காட்டினார். அவர் அதில் உட்காராமல் வரைபடத்தின் பக்கத்தில் போய் நின்று, எங்கே என்று ஃபஸீலாவிடம் மட்டும் கேட்டார். ஃபஸீலா விரலை வைத்துக் காட்டினாள். அந்த இடத்தைப் பார்த்தபடியே அமலம்மாள் வாய்க்குள் ஜெபம் சொல்லிக்கொண்டிருந்தார். மூன்று பேரும் ஒரே அறையில் இரண்டு மணி நேரம் இருந்தார்கள். யாரும் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

ஒன்று இருபதுக்குப் போன் வந்தது. அதே அதிகாரி. படகு கிடைத்துவிட்டது, முனைக்கு மேற்கே பவளப் பாறையில் மோதிக் கிடக்கிறது, மூன்று பேரைத் தூக்கிவிட்டோம், கேப்டன் உயிரோடு இருக்கிறார் என்றார். ஃபஸீலா அதைச் சத்தமாகத் திருப்பிச் சொன்னாள். அமலம்மாள் மேசையைப் பிடித்துக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்தார்.

“நாலு பேர் சார்” என்றாள் ஃபஸீலா போனில்.

“ஒருத்தர் கயித்தோட தண்ணில குதிச்சிருக்காரு. கரைக்கு நீந்தப் பாத்தாராம். தேடிட்டிருக்கோம்.”

அது ஹஸ்ருல். புக்கிட் மெர்தாஜாம்காரன். இஞ்சினைப் பார்த்துக்கொள்பவன். முப்பத்திரண்டு வயது.

நடந்தது முழுவதையும் பத்தொன்பது நாள் கழித்து, போர்ட் பிளேரில் விசாரணை முடிந்து திரும்பிய பிறகு வேதநாயகம்தான் சொன்னார். அவர்களை அங்கே யாரும் மோசமாக நடத்தவில்லை. தாள்களைப் பற்றி மட்டும் ஒரே கேள்வியை நூறு விதமாகக் கேட்டார்கள். படகு பினாங்கு நேரப்படி பன்னிரண்டு மணி வாக்கில் பாறையில் ஏறிப் பக்கவாட்டில் சாய்ந்தது. ஒவ்வொரு அலைக்கும் அடித்தட்டு கிழிந்துகொண்டே வந்தது. கரை இருநூறு மீட்டர்தான். யாரும் வரப்போவதில்லை என்று ஹஸ்ருல் முடிவு கட்டிவிட்டான். கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டான். வேண்டாம் என்று வேதநாயகம் தோளைப் பிடித்து நிறுத்தினார். காலையிலேர்ந்து காத்திருக்கோம் கேப்டன், வர்றவங்க இந்நேரம் வந்திருக்க மாட்டாங்களா என்று கேட்டான். வேதநாயகத்தின் கை தளர்ந்தது, அவன் குதித்துவிட்டான்; கயிறு பாறையில் உரசி அறுந்தது. ஹெலிகாப்டர் சத்தம் கேட்டது அதற்கு நாற்பது நிமிடம் கழித்து.

உடல் கிடைக்கவில்லை. பத்து நாள் தேடியபின் ஊர்ப் பள்ளிவாசலில் உடல் இல்லாமலேயே ஜனாஸாத் தொழுகை நடத்தினார்கள். யூசுப் போய்க் கடைசி வரிசையில் நின்று தொழுதுவிட்டு யாரிடமும் பேசாமல் வந்தார் என்று கேள்வி. கம்பெனியின் உரிமத்தை நிறுத்திவைத்து விசாரணை தொடங்கியிருந்தது. ஃபஸீலாவும் வாக்குமூலம் கொடுத்தாள், தன் பங்கையும் சேர்த்து.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை வேதநாயகம் ஹஸ்ருலின் மனைவியைப் பார்க்கப் புறப்பட்டபோது, நானும் வருகிறேன் என்றாள் ஃபஸீலா. அவர் அவளை ஒருமுறை பார்த்துவிட்டுச் சரி என்றார். காரில் பினாங்குப் பாலத்தைக் கடந்து புக்கிட் மெர்தாஜாமுக்குப் போனார்கள்.

ஹஸ்ருலின் மனைவி ஐனா வயதில் சின்னவள். சிரமப்பட்டு மரியாதை காட்டினாள். சிரப்புக் கலந்த இனிப்புத் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். வேதநாயகம் தனக்குத் தெரிந்த மலாயில், தோளைப் பிடித்து நிறுத்தியதையும், தன் கை தளர்ந்ததையும் ஒன்றுவிடாமல் சொல்லி முடித்தார்.

பிறகு ஃபஸீலா சொன்னாள். அழைப்பு வந்தது எட்டு பத்துக்கு. நான் சொன்னது பத்து முப்பத்தைந்துக்கு. நடுவில் இரண்டு மணி இருபத்தைந்து நிமிடம் உட்கார்ந்திருந்தேன். முதலாளி சொன்னார் என்று உட்கார்ந்திருந்தேன், ஆனால் யாரும் என்னைக் கட்டிப்போடவில்லை. உடனே சொல்லியிருந்தால் அவர் குதிப்பதற்கு முன்னால் ஹெலிகாப்டர் வந்திருக்கும்.

ஐனா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். வெளியே யாரோ மோட்டார் சைக்கிளை உதைத்துக் கிளப்பினார்கள். திட்டுவாள் என்று ஃபஸீலா காத்திருந்தாள். திட்டினால் நல்லது என்றுகூட நினைத்தாள்.

“அந்தக் கரைக்கு மனிதர்கள் போவதுண்டா?” என்று ஐனா மலாயில் கேட்டாள்.

வெளியாட்கள் போக முடியாது என்றாள் ஃபஸீலா. காட்டில் இருப்பவர்கள் வருவார்கள், எப்போதாவது ரோந்துப் படகு கடந்து போகும். அவ்வளவுதான்.

“நான் போக வேண்டும் என்றால் யாரைக் கேட்க வேண்டும்?”

அந்தத் தீவுகள் மூன்று மாவட்டமாகப் பிரிந்திருப்பதை இந்த ஒரு மாதத்தில் ஃபஸீலா தெரிந்துகொண்டிருந்தாள். இரண்டு மாவட்டம் அந்தமானில் இருக்கிறது, அவற்றைக் கேட்டுப் பயனில்லை. நிக்கோபார் தனி. அதன் தலைமை அலுவலகம் கார் நிக்கோபாரில், ஹஸ்ருல் தொலைந்த இடத்துக்கு இருநூறு கிலோமீட்டருக்கும் மேல் வடக்கே. வெளிநாட்டுக்காரர் என்றால் தூதரகம் வழியாகப் போக வேண்டும். பெரும்பாலும் மறுத்துவிடுவார்கள். இவை அத்தனையையும், கடைசி வரியையும் சேர்த்து, அப்படியே சொன்னாள்.

ஐனா எழுந்து உள்ளே போனாள். திரும்பி வந்தபோது கையில் ஒரு நோட்டுப் புத்தகமும் பேனாவும் இருந்தன. ஃபஸீலாவுக்கு எதிரில் அல்ல, பக்கத்தில் உட்கார்ந்தாள்.

“முதலில் யாருக்கு எழுத வேண்டும் என்று சொல்லுங்கள்” என்றாள். “பெயரை எழுத்துக் கூட்டிச் சொல்லுங்கள்.”